தக்சிகா எண்ணிய விதம்

வசந்தாதேவியிடம் மகளின் புகைப்படம் ஒன்றுகூட இல்லை. வாகரைக் கடற்கரையில் இருந்த வீட்டை, கணவரை, எட்டு வயதுத் தக்சிகாவை, எல்லாவற்றையும் சுனாமி ஒரே காலையில் கொண்டுபோனது. பிறகு சண்டை, முகாம் முகாமாக அலைந்தார். சண்டை முடிந்த மறுவருடம் நான் போனபோது தகரக் கூரை வீடொன்றில் தனியாக இருந்தார்.

சுனாமிக்கு முன்பு, சமாதான காலத்தில், கணிதம் பற்றிய விவரணப்படத்துக்காக வெளிநாட்டார் இருவர் அந்த ஊர்ப் பள்ளிக்கூடத்துக்கு வந்தார்கள். மட்டக்களப்பு டவுனிலிருந்து மொழிபெயர்க்கப் போனவள் நான். பிள்ளைகள் பெருவிரலால் மற்ற விரல்களின் கணுக்களைத் தொட்டு எண்ணுவதைப் படம்பிடித்தார்கள். தக்சிகாவும் அந்த வகுப்பில் இருந்தாள். சுனாமிக்குப் பிறகு, "பிள்ளையின் முகம் அந்தப் படத்தில் இருக்கும், கொண்டு வருகிறேன்" என்று, நான் போய்ச் சேர்ந்திருந்த வெளிநாட்டிலிருந்து வசந்தாதேவிக்குக் கடிதம் எழுதினேன். படம் கிடைத்தபோது பார்த்தால், ஏதோ ஒரு பிள்ளையின் கை மட்டும், பத்து விநாடி. அதன் பிறகும் இரண்டு நாடு சுற்றிவிட்டுத்தான் திரும்பினேன்.

"வா கா, தானியா. கருவாடாக் காய்ஞ்சு போயிற்றாய். அங்க சோறு இல்லையா?" என்றார். தலை முழுகி, நல்ல சீலை உடுத்தியிருந்தார்.

"அக்கா, முகம் வராது. கை மட்டுந்தான். ஆர்ர கை எண்டும் தெரியா."

பாயை விரித்து உட்கார்ந்தார். "நீ போடு."

மடிக்கணினியில் அந்தக் கை வந்தது. ஒரு கையில் பன்னிரண்டு எண்ணலாம் என்று ஆங்கிலக் குரல் சொன்னது. பெருவிரலோ மூன்று விரல்களை எண்ணி, சின்ன விரலை விட்டுவிட்டு மறுபடி ஆள்காட்டி விரலுக்குப் போனது.

"என்ட புள்ள!" என்றார். "தேப்பனுக்குச் சின்ன விரல் இல்ல கா. மீன் பிடிக்கக்குள்ள தங்கூசி நூல் அறுத்தது. அவர்ர கையப் பார்த்துத்தான் எண்ணப் பழகினவள். ரீச்சர் எத்தின தரம் ஏசியும் மாறல்ல."

திரும்பத் திரும்பப் போட்டேன்.

"இந்தக் கையைப் போட்டோவா எடுத்துத் தரட்டா?"

"வேணாம். நிப்பாட்டினா அது ஆர்ர கையோ. ஓட விடு."

பற்றரி தீரும்வரை பார்த்தோம். அந்தத் தெருவுக்கு இன்னும் மின்சாரம் வரவில்லை. கறுத்துப்போன திரையைப் பார்த்தபடியே கேட்டார்:

"நீ அவளை நேர கண்டனீதானே. முகம் எப்படி இரிந்தது?"

"நிறையப் பிள்ளையள் அக்கா. ஞாபகம் இல்ல."

"ம்," என்றார். "எனக்கும் இப்ப சரியா வருகுதில்ல."