அசையாத கேமரா

முதல் வேலையிலேயே அவள் நன்றாக வாங்கிக் கட்டிக்கொண்டாள். கால்பந்துப் போட்டியைப் படம்பிடிக்கப் போனவள், பந்து கோலுக்குள் பாயும்போதே தன்னை மறந்து துள்ளிக் குதித்துவிட்டாள். படத்தில் கோலுக்குப் பதில் மேகம்தான் இருந்தது. "மேட்ச் எடுக்கச் சொன்னா, மழை வருமான்னு பாத்துட்டு வந்திருக்கே!" என்று முதலாளி எல்லார் முன்னாலும் காய்ச்சி எடுத்தார்.

அன்று பிறந்தது வைராக்கியம். அதன்பின் விளையாட்டு வீரர்களைப் பற்றி எத்தனையோ ஆவணப்படங்கள் எடுத்தாள்; எந்த மைதானத்திலும் அவள் கை தட்டியதில்லை.

இந்த முறை குத்துச்சண்டை மேடையில் நின்றவள் சொந்தத் தங்கை. இரண்டாவது சுற்றில் தாடையில் ஒரு குத்து விழ, தங்கை மல்லாந்தாள். நடுவர் எண்ணத் தொடங்கினார். "கேமராவத் தூக்கிப் போட்டுட்டு ஓடுடி, பாவி!" என்று அம்மா அவள் முதுகிலேயே ஒன்று வைத்தாள். அவள் பல்லைக் கடித்துக்கொண்டாள். கேமரா இம்மியும் அசையவில்லை. தங்கை கயிற்றைப் பிடித்து எழுந்தாள்.

முடிவு என்னவோ தோல்விதான். உடை மாற்றும் அறையில், வீங்கிய கன்னத்தில் ஐஸை ஒற்றியபடி தங்கை கேட்டாள்: "நான் விழுந்தப்போ ஏன்க்கா ஓடி வரல?"

"நீ எந்திரிப்பேன்னு எனக்குத் தெரியும்டி. அதை எடுக்க ஆள் வேணாமா?"