மூடியில்லாத ஒரு குப்பி

சாவி அலமாரியிலேயே தொங்கிக்கொண்டிருந்தது. நான் முதலில் பார்த்தது அதைத்தான். பத்மா சிஸ்டர் அந்தச் சாவியை மஞ்சள் நூலில் கோத்துக் கழுத்தில் போட்டிருப்பார். குளிக்கும்போதுகூடக் கழற்ற மாட்டார். வியாழக்கிழமை காலை வழக்கம்போல் வேலைக்குப் போன நான், திறந்து கிடந்த வீட்டுக்குள் நின்று அந்தச் சாவியையே பார்த்துக்கொண்டிருந்தேன். பக்கத்து வீட்டு அம்மா பின்னால் வந்தார்.

"சிஸ்டர் விடியக்காலம் போயிட்டாங்கம்மா. மூச்சு விடவே முடியல. நூல் கழுத்த இறுக்குதேன்னு நான்தான் அறுத்து, சாவியை அலமாரியில மாட்டிவெச்சேன்."

நான் துடைப்பத்தை எடுத்துக் கூட்ட ஆரம்பித்தேன். அந்த அம்மாதான் அதைப் பிடுங்கி வைத்தார்.

ஆபரேஷன் தியேட்டரில் சிஸ்டரோடு பல வருடம் வேலை பார்த்த நீங்கள் இதைப் படிப்பீர்கள். எனக்கு அவரை ஒன்றரை வருடம்தான் தெரியும். ஒன்பதாவதோடு பள்ளியை விட்டேன். எழுந்து நின்று படி என்றால் தொண்டை அடைத்துவிடும். டீச்சர் திட்டத் திட்ட இன்னும் அடைக்கும். ஒருநாள் போவதை நிறுத்திக்கொண்டேன். பள்ளியில் கன்னடம்தான்; தமிழ் எழுத்து அம்மா சொல்லிக்கொடுத்தது. தவறு இருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள்.

சிஸ்டர் வீட்டில் என் வேலை கூட்டுவது, துடைப்பது, அந்தக் கண்ணாடி அலமாரியைப் பார்த்துக்கொள்வது. அதில் என்ன இருந்தது என்று உங்களுக்குத் தெரியும். குழந்தைகள் விழுங்கியவை. தோட்டுத் திருகாணி, சீத்தாப்பழ விதை, பொம்மைக் காரின் சக்கரம், திறந்த ஊக்கு, கைக்கடிகார பேட்டரி. தொண்டையிலிருந்தும் நுரையீரலிலிருந்தும் எடுத்த பிறகு, பெற்றவர்கள் வேண்டாம் என்று சொன்னால், டாக்டரிடம் கேட்டு வாங்கி வருவாராம். ஒவ்வொன்றும் ஒரு பழைய ஊசிமருந்துக் குப்பிக்குள். வெளியே ஒரு சீட்டு: பொருள், வயது. பெயர் கிடையாது.

முதல் நாள் நான் பேசாமல் நிற்பதைப் பார்த்து, "உன்ற தொண்டையில என்ன மாட்டியிருக்குதுன்னு எக்ஸ்ரே எடுத்தாத்தான் கண்ணு தெரியும். சும்னே நிக்காத, உள்ள வா" என்றார். தன் சொந்த ஊரான ஹனூர்ப் பக்கத்துத் தமிழில் கன்னடம் கலந்து பேசுவார். நான் வளையலில் மாட்டியிருந்த ஊக்கைக் கழற்றச் சொன்னார். அந்த வீட்டில் வேறு ஊக்கே கிடையாது, அலமாரிக்குள் இருந்தவைதான்.

ஒருமுறை கண் டாக்டரிடம் போய்விட்டு பஸ்ஸில் திரும்பினோம். தொழிற்பேட்டை ஸ்டாப்பில் ஏறிய ஒரு கம்பெனிப் பெண், துப்பட்டாவைச் சரிசெய்வதற்காக ஊக்கை உதடுகளுக்கு நடுவில் வைத்திருந்தாள். சிஸ்டர் இருந்த இடத்திலிருந்தே கையை நீட்டினார்.

"அம்மிணி, அதை இங்க துப்பு."

"ஆன்ட்டி, நிமகேனு?" என்று அவள் பல்லைக் கடித்துக்கொண்டே கேட்டாள். உங்களுக்கு என்ன என்று.

"எனக்கு ஒண்ணுமில்ல. உனக்கும் ஒண்ணும் ஆகாது. டிரைவர் பிரேக் போட்டா மட்டுந்தான் ஆகும்."

பஸ்ஸே சிரித்தது. அந்தப் பெண் முகம் சிவக்க ஊக்கை அவர் உள்ளங்கையில் போட்டாள். சிஸ்டர் சிரிக்கவில்லை. ஊக்கை மூடி, புடவையில் துடைத்து, திருப்பிக் கொடுத்தார்.

நான் சேர்ந்து சில மாதங்களுக்குப் பிறகுதான் மூடிகளைப் பற்றிச் சொன்னார். குப்பிகளுக்கு ரப்பர் மூடி. சிலவற்றுக்குச் சாம்பல் நிறம், சிலவற்றுக்குச் சிவப்பு. சாம்பல் என்றால் குழந்தை பிழைத்து வீட்டுக்குப் போனது. சிவப்பு என்றால் போகவில்லை. வேறு எங்கேயும் அதை எழுதி வைக்கவில்லை. "தெரிஞ்சா, பாக்க வர்றவங்க செகப்பை விரல நீட்டி எண்ணுவாங்க. எண்ணறதுக்கா வெச்சிருக்கறேன்? எனக்குத் தெரிஞ்சாப் போதும். இப்ப உனக்கும் தெரியும்" என்றார்.

போன மழைக்காலத்தில் குப்பிகளில் பூசணம் பிடித்தது. சிஸ்டர் ஊருக்குப் போயிருந்தார். நான் எல்லாவற்றையும் திறந்து துடைத்தேன். மூடிகளைத் துணியில் வரிசையாகத்தான் வைத்தேன். பிறகு கழுவுகிற அவசரத்தில், டப்பாவில் இருந்த உபரி மூடிகளோடு எல்லாவற்றையும் ஒரே பேசினில் போட்டுவிட்டேன். தண்ணீருக்குள் சிவப்பும் சாம்பலும் கலந்து கிடந்ததைப் பார்த்த பிறகுதான் என்ன செய்தேன் என்று புரிந்தது. தெரிந்த நாலைந்தைச் சரியாகப் போட்டேன். மீதியை மனத்துக்குத் தோன்றியபடி மூடினேன். அவர் திரும்பி வந்து இரண்டு நாள் ஆகியும் சொல்லவில்லை.

மூன்றாம் நாள் பேட்டரி இருந்த குப்பியைக் கையில் எடுத்தார். சாம்பல் மூடி. வெகுநேரம் பார்த்தார்.

"இந்தப் புள்ள வீட்டுக்குப் போகல கண்ணு."

அழுதுகொண்டே நடந்ததைச் சொன்னேன். அவர் குரலை உயர்த்தவில்லை. "கலந்தது போகட்டும். தெரியாம இருந்தும் தெரிஞ்ச மாதிரி மூடி வெச்சியே, அதுதான் தப்பு" என்றார்.

அன்று மதியம் முழுக்கத் தரையில் உட்கார்ந்து ஒவ்வொரு குப்பியாகக் கையில் வாங்கினார். "திருகாணி. ரெண்டு வயசு. அப்பன் லாரி ஓட்டறவன், வாசல்லயே நின்னு அழுதான். வீட்டுக்குப் போச்சு, சாம்பல் போடு." "நெலக்கடலை. ஒண்ணரை. வர்ற வழியிலயே... செகப்பு." அவர் சொல்லச் சொல்ல நான் மூடினேன். கடைசியில் ஒரு குப்பி மிஞ்சியது; உபரி மூடிகளில் இரண்டு நிறமும் இருந்தன. விசிலின் உள்துண்டு. பச்சை நிறம். நாலு வயது.

"மாதேஸ்வரன் மலைக் கோயிலுக்குப் போயிட்டு வர்றப்ப அதோட ஆயா வாங்கிக் குடுத்தது. மூச்சு விடறப்பல்லாம் நெஞ்சுக்குள்ள பீப்பீங்குது. வார்டே சிரிச்சுது. நானும் சிரிச்சேன்." நிறுத்தினார். "அப்புறம் என்ன ஆச்சு?"

என்னிடம் கேட்பது போலக் கேட்டார். நான் அப்போது பிறக்கவே இல்லை.

"நான் சிரிச்சது நெனப்பிருக்குது. புள்ள வீட்டுக்குப் போச்சா இல்லையான்னு நெனப்பில்லையே."

அந்தக் குப்பியைத் திறந்தபடியே வைக்கச் சொன்னார். அதன்பின் பழைய ஆட்களின் நம்பர் தேடிப் பேசுவார். உங்களில் சிலரிடம் கேட்டிருப்பார். யாருக்கும் நினைவில்லை. நான் கூட்டிக்கொண்டிருக்கும்போது திடீரென்று, "அந்தப் புள்ளையோட ஆயா மஞ்சச் சீலை கட்டியிருந்தா கண்ணு" என்பார். நான் நிமிர்ந்து பார்ப்பேன். அதற்கு மேல் வராது. தெரியாமலேயே போய்விட்டார். அதை அவரிடமிருந்து எடுத்தது நான்.

காரியம் முடிந்த மறுநாள் சிஸ்டரின் மகன் பிரகாஷ் அண்ணா கூப்பிட்டனுப்பினார். பெங்களூரில் வேலை பார்ப்பவர். ஒரு மருத்துவக் கல்லூரி அலமாரியை எடுத்துக்கொள்கிறதாம். தரையில் ஒரு பாக்கெட் நிறையப் புது மூடிகள். எல்லாம் வெள்ளை.

"ஸ்டூடன்ட்ஸ் பார்க்கப் போறாங்கம்மா. எல்லாம் ஒரே மாதிரி நீட்டா இருக்கட்டும். பழசைக் கழட்டிட்டு இதைப் போடு" என்று சொல்லி, முதல் குப்பியின் சிவப்பு மூடியில் தானே நகத்தை வைத்தார்.

"வேண்டாண்ணா" என்றேன். அவருக்குக் கேட்கவில்லை. இன்னொரு முறை சொன்னேன், சத்தமாக. நிமிர்ந்தார். சிவப்பு என்றால் என்ன, சாம்பல் என்றால் என்ன என்று முழுதும் சொன்னேன். பேசினில் கலந்ததையும், விசில் குழந்தையைப் பற்றியும் சொன்னேன்.

அவர் விரல் மூடியிலிருந்து மெதுவாக விலகியது. "அம்மா என்கிட்ட சொன்னதே இல்லையே" என்றார். வெள்ளை மூடிகளைப் பாக்கெட்டோடு ஓரமாகத் தள்ளினார். பிறகு, "அம்மாகூட வேலை செஞ்சவங்களுக்கு இதை எழுதுறியா? யாருக்காவது அந்தக் குழந்தையைத் தெரிஞ்சிருக்கலாம்" என்றார்.

அதனால்தான் எழுதுகிறேன். ஊக்கை வாயில் வைக்க என்னால் இனி முடியாது. சிவப்பு மூடிகள் எவை என்று எனக்குத் தெரியும். சிஸ்டரிடமிருந்து எனக்கு வந்தவை இவைதான். மலையிலிருந்து வந்த விசில் குழந்தையை உங்களில் யாருக்காவது நினைவிருந்தால் அண்ணாவிடம் சொல்லுங்கள்.

அன்று அண்ணா கடைசியாக அந்த விசில் குப்பியை எடுத்துப் பார்த்தார். "இதுக்கு மட்டும் ஒரு வெள்ளை போட்டுடலாமா? தூசி விழுமே."

அவர் கையிலிருந்து வாங்கி, இரண்டாம் தட்டில் அதன் இடத்தில், திறந்தபடியே வைத்தேன்.