பௌர்ணமியன்று ஆறு மணிக்கு ஆள் மாற்றம்

அன்று கூட்டத்தில் இருந்தவர்கள் நான்கு பேர்: பெங்களூரிலிருந்து புதிதாக வந்திருந்த மேனேஜர், சமையல் பார்க்கும் பாய், ரிசப்ஷனில் உட்காரும் பெண், அறைகளைப் பெருக்கித் துடைக்கும் நான். செங்கம் ரோட்டில் இருக்கும் எங்கள் விடுதியில் திங்கள்தோறும் இப்படிக் கூடி உட்காருவது மேனேஜர் கொண்டுவந்த வழக்கம்.

“இங்க முதலாளி, தொழிலாளி எல்லாம் கிடையாது. நாம ஒரே ஃபேமிலி. மனசுல இருக்கறத ஓப்பனா பேசுங்க” என்றார்.

“ஃபேமிலின்னா லீவு கேக்க வேணாம்ல சார்? நாளைக்கு நான் வரல” என்றார் பாய். ரிசப்ஷன் பெண் வாயைப் பொத்திக்கொண்டாள்.

எனக்குச் சிரிப்பு வரவில்லை. எட்டாவதோடு நின்றவள் நான். எதைப் பேசினாலும் தப்பாகிவிடுமோ என்ற கவலை எப்போதும் உண்டு. அடி அண்ணாமலையிலிருந்து வரும் வழியெல்லாம் சொல்ல வேண்டியதை வாய்க்குள்ளேயே சொல்லிப் பார்த்தபடி வந்திருந்தேன். பௌர்ணமியன்று இரண்டு ஷிப்ட் பார்த்தேன். ஒன்றுக்குத்தான் கூலி வந்தது.

மற்ற நாள் மாதிரியே பௌர்ணமிக்கும் மாலை ஆறு மணிக்கு ஆள் மாறவேண்டும் என்று மேனேஜர் போட்டுவிட்டார். ஊர்க்காரர் யாரும் அப்படிப் போடமாட்டார்கள். அன்றைக்குப் பஸ்ஸையெல்லாம் போலீஸ்காரர்கள் ஊருக்கு வெளியிலேயே நிறுத்திவிடுவார்கள். ரோடெல்லாம் கிரிவலக் கூட்டம். அடுத்த ஷிப்டுக்குக் கீழ்பென்னாத்தூரிலிருந்து வரவேண்டியவளால் வந்துசேர முடியவில்லை. அவள் வேலையையும் விடியும்வரை நானே பார்த்தேன்.

“சார், எனக்கு இன்னொரு ஷிப்ட் காசு வரணும்ங்க.”

“அட்டெண்டன்ஸ் ஆப்ல ஒண்ணுதானே காட்டுது?”

“பக்கெட்ட ஆப்பா சார் தூக்குச்சு? நான்தான் தூக்கினேன்.”

“அன்னிக்கே ஒரு போன் பண்ணியிருக்கலாமே?”

“பண்ணேன் சார். நீங்க கிரிவலம் போயிருந்தீங்க.”

பாய் இருமுவதுபோலத் திரும்பிக்கொண்டார். மேனேஜர் போனில் அன்றைய மிஸ்டு காலைத் தேடிப் பார்த்துவிட்டு, “தப்பு என்னுதுதான்” என்றார்.

ஒரே குடும்பம் என்று சொல்லும் இடத்தில் கூலி கேட்கக் கூச்சமாகத்தான் இருக்கும். இருந்தாலும் கேட்டுவிட வேண்டும். கேட்டதால் என் வேலை போகவில்லை. அடுத்த பௌர்ணமிக்கு மதியமே ஆள் மாறினோம். இரண்டு ஷிப்ட் பார்த்தால் இரண்டு கூலி என்றும் ஆகிவிட்டது. பழைய கணக்கை மட்டும் ஓனரிடம் சொல்லியிருப்பதாக மேனேஜர் சொல்லிக்கொண்டே இருக்கிறார். நானும் திங்கள்தோறும் கேட்டுக்கொண்டே இருக்கிறேன். இன்னும் வரவேண்டியது நானூற்று ஐம்பது ரூபாய்.