கை ரோமம் சாயும் திசை

என் தம்பியைத் தொட்டிலில் போட மாட்டேன் என்று அப்பாவின் அக்கா, அதாவது எங்கள் அத்தை, கையைக் கட்டிக்கொண்டு நின்றது நான் ஆறாம் வகுப்பு படித்த வருடம். அவன் பிறந்த பதினாறாம் நாள். விளாங்குடி வீட்டில் கூடம் நிறைய ஆட்கள். அத்தை தூக்கிப் போட்டால்தான் பிள்ளை தொட்டில் ஏறும், பெயரும் அதற்கப்புறம்தான்.

தம்பி எட்டாம் மாதமே பிறந்துவிட்டவன். முதுகிலும் தோளிலும் காதோரத்திலும் பூனைமுடி அடர்ந்திருந்தது. அம்மா முழுகாமல் இருந்தபோது அழகர்கோவிலில் ஒரு குரங்குக்கு வாழைப்பழம் கொடுத்தது அத்தைக்கு நன்றாக ஞாபகம் இருந்தது.

"மாசமா இருக்கவ கொரங்கைக் கண்ணால பாக்கவே கூடாதும்பாக. இவ கைல வச்சு ஊட்டியிருக்கா. பெறந்தது வேற எப்பிடி இருக்கும்?"

அம்மா தலையைக் குனிந்துகொண்டாள். அப்பாவுக்குச் சமையல்காரரிடம் அவசரமாக ஏதோ பேச வேண்டியிருந்தது.

முந்தின வாரம்தான் தம்பியைப் பற்றி அறிவியல் டீச்சரிடம் கேட்டிருந்தேன். வயிற்றுக்குள் எல்லாப் பிள்ளைக்கும் ரோமம் உண்டு, பிறக்குமுன் உதிர்ந்துவிடும், அவசரப்பட்டு வந்தவனுக்கு வெளியே வந்து உதிரும் என்றார். கையில் ரோமம் சாயும் விதத்தையும் காட்டினார். எனக்கு அது போதும்.

அத்தையின் கையைப் பிடித்து ஜன்னல் வெளிச்சத்துக்கு இழுத்தேன்.

"நல்லாப் பாருங்கத்தை. தோள்ல இருந்து கீழ சாயுது. மணிக்கட்டுல இருந்து மேல சாயுது. ரெண்டும் முழங்கையில முட்டுது. வாலில்லாத பெரிய கொரங்குகளுக்கும் இதே மாதிரிதான். ஒங்களப் பெத்தவுக எந்தக் கொரங்குக்குப் பழம் குடுத்தாக?"

அத்தையின் வீட்டுக்கார மாமா சட்டைக் கையைச் சுருட்டிப் பார்த்தார். "அட, ஆமா! மாப்ள, இங்க வாங்க, எனக்கு எம்புட்டு இருக்கு பாருங்க!" என்று அப்பாவைக் கூப்பிட்டார். கூடமே சிரித்தது.

அத்தை சிரிக்கவில்லை. "வாயப் பாரு, வாய! இவளக் கட்டப்போறவன் செத்தான்" என்றபடி தம்பியை வெடுக்கென்று தூக்கித் தொட்டிலில் போட்டாள்.

எதிர்த்துப் பேசியதற்கு அப்பா காதைத் திருகினார். நான் மன்னிப்புக் கேட்கவில்லை. இன்றைக்கும் கேட்க மாட்டேன். கல்லூரியில் விலங்கியல் படித்தபோது, பரம்பரைக் கூறுகளில் சிம்பன்சிக்கும் நமக்கும் வித்தியாசம் சொற்பம்தான் என்று தெரிந்தது. அத்தை வீட்டுக்குப் போய் அதையும் சொல்லிவிட்டு வந்தேன்.

தொட்டில் போட்ட அன்று எல்லோரும் பந்திக்குப் போனபின் அம்மா என்னை அடுப்படிக்குள் கூப்பிட்டாள். தன் கையைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள்.

"நெசமாவே டீச்சர் சொன்னாங்களா? அப்ப, என்னால இல்லையா?"

"அதான் சொன்னேன்ல" என்று கத்திவிட்டுப் பாயசத்துக்கு ஓடினேன்.

இப்போது என் மகளுக்கு மூன்று மாதம். அவள் தும்மினால்கூட நேற்று நான் என்ன சாப்பிட்டேன் என்று யோசிக்கிறேன். படித்த படிப்பு உதவுவதில்லை. அம்மா அந்தக் கேள்வியோடு பதினாறு நாள் இருந்திருக்கிறாள். அத்தனை பேர் முன்னால் கத்தத் தெரிந்த எனக்கு, அவள் பக்கத்தில் உட்கார்ந்து இன்னொரு தடவை மெதுவாகச் சொல்லத் தெரியவில்லை.