என் பேரில் கொடுத்த மாப்பு

காது கேளாத மாணவியை வதைத்த பையன் பிறகு வருந்தித் திருந்தும் கார்ட்டூன் படத்தைப் பார்த்து அழுததாக நஸீரா நேற்றுப் பதிவிட்டிருந்தாள். பாடசாலையில் என் காது மெஷினைப் பிடுங்கிக் கிணற்றில் போட்டவள் அவள்தான்.

மக்காவுக்கு உம்றா யாத்திரை போகுமுன், செய்த பிழைக்கு மாப்புக் கேட்க இன்று எங்கள் வாசலுக்கு வந்தாள். நான் கதவுக்குப் பின்னால், புது மெஷினோடு நின்றேன்.

“அவவக் கூப்பிடட்டா?” என்றார் கணவர்.

“வேணாம் காக்கா, அவவுக்கு எங்க கேக்கப்போகுது? நீங்களே மாப்புத் தாங்க” என்றாள் நஸீரா, அவரை அண்ணன் முறையாக்கி.

“ஓம் ஓம், அவ அதெல்லாம் எப்பவோ மறந்துட்டா. போயிட்டு வாங்க.”

பிறகு, “யார் வந்தது?” என்று கேட்டேன்.

“நஸீரா. உனக்கு ஸலாம் சொன்னா” என்றார்.

நஸீராவுக்காவது அந்தப் படம் இருக்கிறது. இவருக்கு எந்தப் படத்தைப் போட்டுக் காட்டுவது? தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.