ஒற்றிக்குப் போன வீடு

ஒற்றி என்ற சொல் காதில் விழுந்தால் இன்றைக்கும் எனக்குப் பற்றிக்கொண்டு வரும். வயது போனால் கோபம் அடங்கும் என்கிறார்கள். எனக்கு அடங்கவில்லை. அடக்க வேண்டும் என்று நான் முயன்றதும் இல்லை.

தெரியாதவர்களுக்குச் சொல்கிறேன். வீட்டை வைத்துக் கடன் வாங்க எங்கள் பக்கத்தில் இரண்டு வழி இருந்தது. ஒன்று ஈடு. வீட்டில் நாங்களே இருக்கலாம், ஆனால் வட்டி கட்ட வேண்டும். மற்றது ஒற்றி. அதில் வட்டி கிடையாது. முதலைத் திருப்பிக் கொடுக்கும்வரை வீடு கடன் கொடுத்தவர் கையில் இருக்கும், அவர் அதை என்னவும் செய்துகொள்ளலாம். வட்டி கட்டுவதென்றால் எங்கள் ஆட்களுக்குப் பெரிய வெட்கம். அதுவும் சொந்தக்காரரிடம் வாங்கிவிட்டு வட்டி கட்டினால் ஊர் வாயில் போட்டு மெல்லும். ஆகவே மானமுள்ள குடும்பங்கள் ஒற்றிதான் வைத்தன. மானத்தோடு பாயைச் சுருட்டிக்கொண்டு வீட்டை விட்டு வெளியே போயின.

எங்கள் வீடு துறைமுகத்துக்குக் கிட்ட. இரண்டு அறை, ஒரு விறாந்தை, சமைக்கப் புறம்பாக ஒரு குசினி, கோடையிலும் வற்றாத கிணறு. அம்மாவுக்குச் சீதனமாக வந்தது. அடுத்தது எனக்கு. எங்களிடம் வீடு பெண்ணுக்குத்தான் போகும். மாப்பிள்ளை பெண்ணின் வீட்டுக்கு வந்து இருப்பார். வீடில்லாத பெண்ணை ஒருவரும் கேட்டு வரமாட்டார்கள். நான் ஒரே பிள்ளை. அந்த வீடு போனால் எனக்கு வேறொன்றும் இல்லை. இது வீட்டிலிருந்த எல்லோருக்கும் தெரிந்த விஷயம்.

சண்டை தொடங்கித் துறைமுகம் கப்பல்களால் நிறைந்தபோது அப்பாவுக்கு ஆசை பிடித்தது. அவரிடம் ஒரு சின்ன வள்ளம் இருந்தது. மூதூர்ப் பக்கத்திலிருந்து விறகு ஏற்றி வந்து டவுனில் விற்பார். பட்டாளக் குசினிகள் விறகைத் தின்னத் தொடங்கியதும், பெரிய வள்ளம் ஒன்று இருந்தால் போதும், இரண்டு வருஷத்தில் ஆளே மாறிவிடலாம் என்று கணக்குப் போட்டார். அதற்கு எண்ணூறு ரூபா வேண்டும். மாமாவிடம் போனார்.

மாமா அம்மாவின் பெரியப்பா மகன். அம்மா அவரை அண்ணை என்றுதான் கூப்பிடுவார், கூடப் பிறந்தவரைப் போல. டவுனில் பலசரக்குக் கடை வைத்திருந்தார். காசு கேட்டதும் தயங்கவில்லை.

"உங்களிட்டப் போய் நான் வட்டி வாங்குறதே? நாளைக்கு நாலு சனம் என்னத்தைக் கதைக்கும்?" என்றார். "வீட்டை ஒற்றியாத் தாங்கோ. நாலு வருஷம். என்ர காசைத் தந்திட்டு உங்கட வீட்டை எடுங்கோ. ஒரு சதம் கூட வேண்டாம்."

அம்மாவுக்குக் கண் கலங்கிவிட்டது. அண்ணையின் பெரிய மனது என்று ஒரு கிழமை அதே கதை. நொத்தாரிசு உறுதிப் பத்திரத்தை வாசித்தபோது நானும் பக்கத்தில் நின்றேன். வீட்டில் செய்யும் திருத்த வேலைகளின் செலவை மீட்கும்போது கொடுக்க வேண்டும் என்று ஒரு வசனம் வந்தது. "அது சும்மா, ஒரு முறைக்கு எழுதுறது. கூரை ஒழுகினா நான்தானே பார்க்கவேணும்" என்றார் மாமா. கூரையைப் பார்க்கவும் ஓர் ஆள் கிடைத்தது என்று அப்பாவுக்குச் சந்தோஷம். அம்மா கையெழுத்து வைத்தார்.

உப்புவெளியில் ஒரு கிடுகு வீட்டுக்குக் குடிபோனோம். மாதம் நாலு ரூபா வாடகை. அந்த நாலு ரூபாவும் வட்டிதான் என்று ஒருவருக்கும் தோன்றவில்லை. அப்பாவுக்குக் கணக்குத் தெரியாது என்று சொல்ல ஏலாது. விறகில் ஒரு கட்டுக் குறைந்தால் கரையில் நின்றே பிடித்துவிடுவார். ஆனால் வீட்டுக்கு ஒரு விலை இருக்கிறது, அது ஒவ்வொரு மாதமும் சம்பாதிக்கும் என்பது எங்கள் ஆட்களின் மண்டையில் ஏறாத விஷயம். வீடென்றால் சீதனமாக வரும், அதில் இருப்போம், மகளுக்குக் கொடுப்போம். அதற்கு மேல் யார் யோசித்தார்கள்?

சாமான் ஏற்றிய வண்டிலோடு வந்தது மாமாவின் மகன். எனக்கு மச்சான் முறை. கப்பல்துறை அலுவலகம் ஒன்றில் எழுதுவினைஞராக அப்போதுதான் சேர்ந்திருந்தான். அம்மியை ஒருவர் உதவியும் இல்லாமல் தூக்கி இறக்கினான். குழவியை எங்கே வைப்பது என்று என்னிடம் கேட்டான். "எங்கட வீட்டில" என்றேன். அவனுக்கு முகம் சுருங்கிவிட்டது. பாவம், அவன் என்ன செய்தான் என்று பிறகு யோசித்தேன். நிறைய நாள் யோசித்தேன்.

அடுத்த சித்திரையில் யப்பான்காரன் குண்டு போட்டான். அப்பாவின் வள்ளத்திலேயே மூதூருக்கு ஓடி, தோப்பூரில் தெரிந்த ஒரு நெல் வியாபாரி வீட்டில் இரண்டு மாதம் ஒதுங்கினோம். "பாத்தியே, துறைமுகத்துக்குப் பக்கத்தில இருந்திருந்தா என்ன கதி? வீட்டை ஒற்றி வைச்சது நல்லதாப் போச்சு" என்றார் அப்பா. குண்டு விழுந்திருந்தால் இடிந்த வீடும் எங்களுடையது, கடனும் எங்களுடையது. அதையும் அவர் யோசிக்கவில்லை. வீட்டுக்கு ஒன்றும் ஆகவில்லை.

திரும்பி வந்தபோது டவுன் வேறு டவுனாக இருந்தது. எல்லா ஊரிலிருந்தும் துறைமுக வேலைக்கு ஆட்கள் வந்திறங்கிக்கொண்டே இருந்தார்கள். படுக்க இடம் கிடையாது. மரத்துக்குக் கீழேயும் ஆள், கடை வாசலிலும் ஆள்.

ஒரு வெள்ளிக்கிழமை அம்மாவோடு கோயிலுக்குப் போய்விட்டு, வீட்டைப் பார்த்துவிட்டுப் போகலாம் என்று அந்தப் பக்கம் போனோம். மாமா அங்கே குடியிருக்கவில்லை. விறாந்தை முழுக்கப் பாய். அறைக்குள்ளேயும் பாய். பகல் பதினொரு மணிக்கு ஆட்கள் படுத்துக் கிடந்தார்கள். குசினியில் யாரோ கருவாடு பொரித்துக்கொண்டிருந்தார்கள். அம்மா வாசல் படலையடியில் நின்றுவிட்டார். வாடகை வாங்க வந்திருந்த மச்சான் எங்களைக் கண்டு வெளியே வந்தான்.

"ஏன் பகலில படுக்கினம்?" என்று கேட்டேன்.

"இரவு வேலைக்காரர். அவை எழும்பிப் போக, பகல் வேலைக்காரர் வந்து அதே பாயில படுப்பினம்."

"அப்ப ஒரு பாய்க்கு ரெண்டு ஆள்."

"ஓம்."

"ஆளுக்கு எவ்வளவு?"

அவன் பொய் சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை. "மாதம் ரெண்டு ரூபா" என்றான். நிலத்தைப் பார்த்துக்கொண்டு சொன்னான்.

பத்துப் பாய் எண்ணினேன். மாதம் நாற்பது ரூபா. உப்புவெளிக்குப் போய்ச் சேரும்வரை மனதுக்குள் கணக்குப் போட்டுக்கொண்டே நடந்தேன். இருபது மாதத்தில் மாமா கொடுத்த எண்ணூறு ரூபாவும் அவர் கைக்குத் திரும்பிவிடும். அதன் பிறகு வருவதெல்லாம் சும்மா வருகிற காசு. அப்படி வந்த பிறகும் நாங்கள் எண்ணூறைக் கொண்டுபோய்க் கொடுக்க வேண்டும்.

அன்று சாப்பாட்டுக்கு இருந்தபோது அப்பாவுக்கு முழுவதையும் சொன்னேன். ஈடு வைத்திருந்தால் வட்டி இதில் கால்வாசிகூட வந்திராது, இந்தப் பாய்களை நாங்களே விரித்திருந்தால் வள்ளமும் வாங்கி வீட்டிலும் இருந்திருக்கலாம் என்றேன். அப்பா சோற்றைப் பிசைந்தபடியே இருந்தார். "அது அவற்ற கெட்டித்தனம்" என்றார். கெட்டித்தனமாம். எங்கள் தலையில் மிளகாய் அரைப்பதற்கு அவர் வைத்த பெயர் அது.

அம்மாவுக்குத்தான் கோபம் வந்தது, என்மேல். "சொந்தத்துக்குள்ள கணக்குப் பாக்கிறதே? அண்ணை எங்களிட்ட ஒரு சதம் வட்டி கேட்டவரே?" என்றார். வாயை மூடிக்கொண்டேன். மூடியிருக்கக் கூடாது. ஊருக்கே கேட்கக் கத்தியிருக்க வேண்டும்.

பிறகும் டவுனுக்குப் போகும்போதெல்லாம் ஏதாவது ஒன்று புதிதாக முளைத்திருக்கும். சாணி மெழுகிய நிலத்துக்கு மாமா சீமெந்து போட்டார். கிணற்றுக்குக் கட்டுக் கட்டினார். வளவுக்குள் தகரக் கொட்டில் மூன்று எழும்பியது, அதிலும் பாய் விரித்தார். வேலைக்காரருக்கு வரிசையாகக் கக்கூஸ். வீடு திருந்துகிறது என்று அம்மா மகிழ்ந்தார். எனக்குச் சீமெந்து நிலத்தோடு வீடு கிடைக்கப்போகிறதாம்.

நாலாம் வருஷம் முடிய அப்பா எண்ணூறைச் சேர்த்துவிட்டார். அதற்கு அவர் பட்ட பாடு எனக்குத் தெரியும். துறைமுக வாயிலில் தடை, கடலில் நேரக் கட்டுப்பாடு, பாஸ் இல்லையென்று வள்ளத்தை நாள்கணக்கில் மறித்து வைப்பார்கள். தோள் எல்லாம் காய்த்துப் போயிருந்தது. காசைத் துணியில் கட்டி மடியில் வைத்துக்கொண்டு காலையில் போனார். மத்தியானம் அதே கட்டோடு திரும்பி வந்து கதிரையில் இருந்தார்.

சீமெந்து, கிணற்றுக்கட்டு, கொட்டில், கக்கூஸ். திருத்த வேலை என்று மாமா எழுநூற்றுச் சொச்சம் கேட்டாராம். உறுதியில் இருக்கிறது என்றாராம். அவர் வாடகை அள்ளுவதற்குக் கட்டிய கொட்டிலுக்கு நாங்கள் காசு கட்ட வேண்டும். எங்கள் வளவில், எங்கள் கிணற்றுத் தண்ணீர் அள்ளிக் குழைத்த சீமெந்துக்கு. பிரக்கிராசியிடம் போய் வழக்குப் போடுவோம் என்றேன். அண்ணையைக் கோட்டுக்கு இழுப்பதா என்று அம்மா அழத் தொடங்கிவிட்டார். வேறிடத்தில் கடன் வாங்கலாமென்றால் வைப்பதற்கு எங்களிடம் என்ன இருந்தது?

இரண்டு நாள் கழித்து மாமாவே உப்புவெளிக்கு வந்தார். வாழைப்பழமும் வெற்றிலையும் கொண்டுவந்தார்.

"வீடு எங்க போகுது மச்சான்?" என்றார் அப்பாவைப் பார்த்து. "பிள்ளையை என்ர மகனுக்குச் செய்து வைப்பம். அந்த எண்ணூறைச் சீதனக் காசாத் தாங்கோ. வீட்டை ரெண்டு பேரின்ர பேரிலயும் எழுதுவம். திருத்த வேலைக் காசை விட்டிடுறன். கொட்டில் வாடகையை மட்டும் நான் இருக்கும்வரைக்கும் நான் எடுக்கிறன்."

அப்பாவின் முகத்தில் அத்தனை வருஷத்துக்குப் பிறகு சிரிப்பைக் கண்டேன். அம்மா அடுப்பு மூட்ட எழும்பினார். வீடும் வந்தது, மாப்பிள்ளையும் வந்தது. ஒருவரும் என் பக்கம் திரும்பவில்லை.

"ஏலாது" என்றேன்.

மாமா சிரித்தார். சின்னப் பிள்ளைக் கதை, யோசித்துச் சொல்லுங்கோ என்றுவிட்டுப் போனார். அவர் படலையைத் தாண்டியதும் அப்பா குதித்தார். வீட்டை எடுக்க இருக்கிற ஒரே வழியையும் நீ அடைக்கிறாயா என்று கேட்டார். நான் சொன்னேன்: நாலு வருஷ வாடகையை எடுத்தார். இனி எண்ணூறையும் எடுக்கிறார். வீடும் பாதி அவருடைய மகனுக்கு. இவ்வளவுக்கும் கையெழுத்து நானா? என்னைக் கொடுத்துத்தான் என் வீட்டை மீட்க வேண்டுமென்றால் அந்த வீட்டில் சமைத்துச் சாப்பிட எனக்குத் தொண்டையால் இறங்காது. அப்பா கையை ஓங்கினார். அடிக்கவில்லை.

மறுநாள் அம்மா நல்ல சீலையை உடுத்தி என்னைக் கூட்டிக்கொண்டு டவுனுக்கு நடந்தார். ஏன் என்று சொல்லவில்லை. கடைக்குப் பின்னால் மாமாவின் வீடு. கதிரை இழுத்துப் போட்டார் மாமா. அம்மா இருக்கவில்லை.

"அண்ணை, நான் வீட்டைத்தான் ஒற்றி வைச்சனான். பிள்ளையை வைக்கேல்லை."

"என்ன தங்கச்சி, இப்பிடிக் கதைக்கிறாய்?"

"அறுதியா எழுதுங்கோ. வித்ததெண்டு கையெழுத்து வைக்கிறன்."

வாழ்நாளில் அம்மா அவரிடம் அப்படிப் பேசியதில்லை. நாங்கள் வாங்கிய எண்ணூறுக்கு மேலே மாமா இருநூறு ரூபா தருவதாகச் சொல்லி, அதையும் பெரிய உபகாரம்போலச் சொன்னார். உள்வாசலில் மச்சான் நின்றுகொண்டிருந்தான். எல்லாம் கேட்டிருப்பான். என்னை ஒருமுறை பார்த்தான், பிறகு உள்ளே போய்விட்டான்.

உப்புவெளி றோட்டில் திரும்பி நடந்தோம். பட்டாள லொறிகள் புழுதியைக் கிளப்பிக்கொண்டு போயின. அம்மா முன்னால், நான் பின்னால். பாதி வழியில் அம்மா திரும்பாமலே கேட்டார்.

"உனக்கு அவனில விருப்பம் இருந்ததோ?"

"ஓம்" என்றேன்.

அம்மா நின்றுவிட்டார். ஒரு லொறி எங்களைக் கடந்து போகும்வரை நின்றார்.

"ஏனடி சொல்லேல்லை?"

"எல்லாரும் வீட்டைத்தானே கேட்டனீங்கள்" என்றேன்.