அம்மாவின் இந்தி

சோறு வடிக்கும் ஆவி சமையலறைக் கண்ணாடியில் படிந்து, வெளியே பறக்கும் புழுதியை மறைக்கும் நேரத்தில், அம்மா எங்களைச் சாப்பிடக் கூப்பிடுவாள். அந்தக் குரலில் சோறு "பாத்", தண்ணீர் "பானி". குவைத்தில் அப்பாவுக்கு எண்ணெய்க் கம்பெனியில் குமாஸ்தா வேலை. நாங்கள் மதுரைச் சௌராஷ்டிரர்கள். வெளியே தமிழ், வீட்டில் சௌராஷ்டிரம். "வீட்டுக்குள்ள வந்தா செருப்பையும் தமிழையும் வாசல்லயே விட்டுடணும்" என்று அம்மா சொல்வாள். அதையும் அவள் தன் மொழியில்தான் சொன்னாள்; எனக்கு இன்று தமிழில்தான் நினைவிருக்கிறது.

எனக்கு ஒன்பது வயதிருக்கும். கீழே விளையாடும்போது ஒரு பையன், "டேய், உங்கம்மா பேசுறது என்னடா, ரொட்டிக்கடைப் பட்டாணியன் பாஷையா?" என்று கேட்க, எல்லோரும் சிரித்தார்கள். நான், "இந்திதான்டா. அம்மாவுக்குச் சரியா வராது" என்றேன். பள்ளியில் இந்தி படித்த எனக்கு அந்தப் பொய் சுலபமாக வந்தது, ஏனென்றால் பாதிச் சொற்கள் ஒன்றுபோலவே இருந்தன.

பொய் மூன்றாம் மாடி வரை ஏறியது. அங்கே குடியிருந்த லக்னோ ஆன்ட்டி நல்ல மனுஷி. ஒருநாள் தன் மகனின் ஒன்றாம் வகுப்பு இந்திப் புத்தகத்தோடு வந்து, "பெஹன்ஜி, கூச்சப்படாதீங்க, உங்க பிள்ளை சொன்னானாம், உங்க இந்தியை நான் திருத்தித் தர்றேன்" என்று இந்தியில் சொன்னார். அம்மாவுக்கு முழுவதும் புரிந்துவிட்டது. என்னைப் பார்க்காமல் புத்தகத்தை வாங்கி வைத்துக்கொண்டு, அவருக்குத் தேநீர் கொடுத்து அனுப்பினாள்.

அன்று சாயங்காலம் என்னிடம் தமிழில் பேசினாள். வீட்டுக்குள் அதுதான் முதல் முறை.

"இனி நீ கூச்சப்பட வேணாம்ப்பா. தமிழ்லயே பேசிக்குவோம்."

அதில் கோபமே இல்லை. அப்பா பேப்பரிலிருந்து தலை நிமிராமல், "கலாஸ், முடிஞ்சுது, விடு" என்றார். அதன்பின் அவர்கள் இருவரும் தங்களுக்குள் பேசிக்கொண்டிருக்கையில் நான் அறைக்குள் போனால் பேச்சு தமிழுக்கு மாறிவிடும். விருந்தாளி வந்ததும் விரிப்பை மாற்றுவதுபோல. எனக்கு அப்போது அது நிம்மதியாகத்தான் இருந்தது.

கடைசிக் காலத்தில் அம்மா துபாயில் என்னோடு இருந்தாள். பக்கவாதம் வந்தபோது அவளுடைய தமிழ் முழுக்கப் போய், அந்த மொழி மட்டும் மிஞ்சியது. ஒரே வாக்கியத்தைத் திரும்பத் திரும்பச் சொன்னாள். மலையாள நர்ஸ், "அம்மைக்கு என்ன வேணும் சாரே? ஹிந்தி மாதிரி இருக்கு, ஆனா மனசிலாகல" என்றாள். தண்ணீர் கொடுத்தேன், போர்வை கொடுத்தேன், அப்பாவின் படத்தைக் காட்டினேன். ஒவ்வொன்றுக்கும் தலையசைத்து மறுத்தாள். பிறகு என் மணிக்கட்டைப் பிடித்து, சிறு குழந்தைக்குச் சொல்வதுபோல, ஒவ்வொரு சொல்லாக நிறுத்தி அதையே சொன்னாள். புரியவில்லை. புரிந்ததுபோல் தலையாட்டினேன். அவள் என்னை நம்பவில்லை.

இப்போது துபாயிலேயே, அல் குசைஸில், மகன் வீட்டில் இருக்கிறேன். சென்ற மாதம் பேத்தி பள்ளிக்காக யூச்சி மொழியைப் பற்றி ஒரு ப்ராஜெக்ட் செய்தாள். அமெரிக்காவில் ஒரு சின்னப் பூர்வகுடியின் மொழி. எந்த மொழிக்கும் உறவில்லாதது. பிறந்ததிலிருந்து அதைப் பேசிய முதியவர்கள் ஒவ்வொருவராகப் போய்விட, அவர்களிடம் உட்கார்ந்து கற்றுக்கொண்ட இளையவர்கள் தங்கள் பிள்ளைகளிடம் அதிலேயே பேசி வளர்க்கிறார்களாம். "நமக்கும் அந்த மாதிரி லாங்வேஜ் இருக்கா தாத்தா?" என்றாள்.

மதுரையில் எங்கள் மொழியை இன்றும் பேசுகிறார்கள். அது செத்தது எங்கள் வீட்டில்தான். வேறு யாரும் கொல்லவில்லை. எல்லாவற்றையும் அவளிடம் சொன்னேன். பதிவு செய்ய ஃபோனை நீட்டி, பேசச் சொன்னாள். சில பண்டங்களின் பெயர், இரண்டு வசவுகள், உறவுமுறைகள். அவ்வளவோடு என் இருப்பு தீர்ந்தது.

மறுநாள் அவற்றையெல்லாம் மனப்பாடம் செய்துகொண்டு வந்து என் முன் நின்று ஒப்பித்தாள். ஒரு சொல்லின் நடுவில் குரலை அழுத்திவிட்டு, "இப்படியா, இல்ல லேசாவா தாத்தா?" என்று கேட்டாள். எனக்குத் தெரியவில்லை. கேட்டுச் சொல்ல வீட்டில் யாரும் இல்லை.

"சரியாத்தான் சொல்ற" என்றேன்.